இரண்டாவது கோடிச் சேலை

ராஜபாளையத்தில் பேண்டேஜ் துணி நெய்கிற தறிக்கூடத்தில் சண்முகத்தாய்க்கு ஒரு பேர் உண்டு. நாலு தறி ஒரே இரைச்சலில் ஓடும்போது எதில் இழை அறுந்தது என்று திரும்பிப் பார்க்காமலே சொல்லிவிடுவாள். அப்படிப்பட்டவள் ஐந்து வருஷம் கோர்ட்டுக்கு நடந்தும் ஒரே ஒரு கேள்விக்கு விடை தெரியாமல் நின்றாள். தான் மலைச்சாமியின் பெண்டாட்டியா, இல்லையா?

மலைச்சாமி நெடுஞ்சாலைத் துறையில் ரோடு ரோலர் ஓட்டினவர். சொந்த ஊர் மகாராஜபுரம். முதலில் அந்த ஊர் நாச்சியாரைக் கட்டியிருந்தார். இரண்டு வருஷத்தில் ஒத்துவராமல் போக, ஊர்ப் பெரியவர்கள் நாலு பேர் கூடித் தீர்த்துவிட்டார்கள். அதற்கு எழுத்து, கையெழுத்து எதுவும் கிடையாது. புருஷனும் பெண்டாட்டியும் ஒரு துரும்பின் ஆளுக்கொரு முனையைப் பிடித்துக் கிள்ளிப் போட்டால் முடிந்தது. அதற்குப் பிறகுதான் சண்முகத்தாய் கழுத்தில் தாலி ஏறியது. பதினாறு வருஷக் குடித்தனம், ஒரு மகள். ஆபீஸ் பணிப்பதிவேட்டில் மட்டும் நாச்சியார் பேரே கிடந்தது. மாற்றச் சொல்லும்போதெல்லாம் மலைச்சாமி சிரிப்பார். "ரோலர்காரன் மெதுவாத்தாம்ட்டி போவான்."

1986 சித்திரையில், வேலை செய்த இடத்திலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்தார்.

பதினாறாம் நாள் தாலி வாங்கினார்கள். புருஷனை இழந்தவளுக்குப் பிறந்த வீட்டார் புதுச்சேலை போடுவது வழக்கம், கோடி என்பார்கள். சண்முகத்தாய்க்கு அண்ணன் ஒன்று போட்டார், சித்தப்பா வீட்டார் ஒன்று கொண்டுவந்தார்கள். பந்தல் ஓரத்தில் நாச்சியார் தனியாக உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தாள். அவளுடைய அண்ணன் வீரணன் வெறுங்கையோடு வந்திருந்தார். தீர்த்துவிட்டவளுக்கு எதற்குக் கோடி?

"அண்ணே, எனக்குத்தான் ரெண்டு வந்திருக்கே," என்றாள் சண்முகத்தாய் வீரணனிடம். "ஒண்ணை அக்காவுக்குப் போடுங்க. எம்புட்டு நேரம் இப்படி வெறுமனே உக்காந்திருப்பாக?"

வீரணன் போட்டார். ஊரே பார்த்தது. தங்கமான மனசு என்றும் சொன்னது.

மூன்று மாதம் கழித்துக் குடும்ப ஓய்வூதியம் கேட்டு இரண்டு பேர் மனுவும் ஆபீசுக்குப் போயின. யார் மனைவி என்று கோர்ட்டில் தீர்ப்பு வாங்கி வரச் சொல்லிவிட்டார்கள். ஸ்ரீவில்லிபுத்தூரில் வழக்கு நடந்தது. துரும்பு கிள்ளியதைப் பார்த்த நாலு பேரில் மூன்று பேர் போய்ச் சேர்ந்திருந்தார்கள். மிச்சம் வீரணன். சொந்தத் தங்கச்சிக்கு எதிராகக் கூண்டில் ஏறினாலும் மனுஷன் பொய் சொல்லவில்லை.

"துரும்பு கிள்ளினது உண்மைதான்யா."

"பொறவு எதுக்குக் கோடி போட்டீங்க?" என்று நாச்சியாரின் வக்கீல் மடக்கினார்.

"இந்தப் பிள்ளைதான் போடச் சொல்லுச்சு."

அடுத்து சண்முகத்தாயை ஏற்றினார்கள். 'நான் சொல்லவே இல்லைன்னு ஒரே வார்த்தை சொல்லிரும்மா' என்று அவளுடைய வக்கீல் ரத்தினம் முந்தின நாளே படித்துப் படித்துச் சொல்லியிருந்தார்.

"பெண்டாட்டி இல்லைங்கிறவளுக்கு ஏம்மா கோடி போடச் சொன்னீங்க?" என்று நாச்சியாரின் வக்கீல் கேட்டார்.

"அழுதாகய்யா."

"யாரை நினைச்சு?"

"எங்க வீட்டுக்காரரை."

"அப்ப அவங்களுக்கும் அவர் வீட்டுக்காரர்தானே?"

ஆமாம் என்றால் தான் யார் என்று தெரியவில்லை. இல்லை என்றால் அந்த அழுகை என்ன என்று தெரியவில்லை. "எனக்குத் தெரியலய்யா," என்றாள். அதையும் எழுதிக்கொண்டார்கள்.

1991இல் தீர்ப்பு வந்தது. தீர்த்துவிட்டதாகச் சொன்னவரே கோடியும் போட்டிருக்கிறார், தீர்த்துவிட்டதற்குப் போதிய சாட்சி இல்லை, நாச்சியாரே மனைவி, சண்முகத்தாயின் மகளுக்கு மட்டும் வயது வரம்பு வரை பங்கு உண்டு.

"அப்ப நான் யாருக்காகத் தாலியக் கழட்டுனேன் சார்?"

ரத்தினம் கேஸ் கட்டை மடக்கிக் கக்கத்தில் வைத்தார். "அதெல்லாம் இந்த வழக்குல வராதும்மா. வேணும்னா அப்பீல் போகலாம்."

கோர்ட்டுக்கு வெளியே, மனு எழுதிக் கொடுக்கிற சமுத்திரத்தின் மேசை முன்னால் நாச்சியார் முழித்துக்கொண்டு நின்றாள். சண்முகத்தாயைக் கண்டதும் கையைப் பிடித்தாள்.

"ஏட்டி, செத்த நில்லு. இவுக கேக்குதது ஒண்ணும் எனக்குத் தெரியல."

ஓய்வூதிய மனுவுக்குச் சமுத்திரம் கேட்டார், சண்முகத்தாய் சொன்னாள். மலைச்சாமி பிறந்த தேதி. வேலையில் சேர்ந்த வருஷம். கடைசியாக ரோடு போட்ட இடம். அங்க அடையாளம், வலது முழங்கையில் தீச்சுட்ட தழும்பு.

"அது எப்பட்டி?" என்றாள் நாச்சியார்.

"மகளுக்கு அப்ப மூணு வயசு. தாரு தெறிச்சிருச்சு."

"இறந்தவருக்கு மனுதாரர் என்ன உறவு?" என்று கேட்டுச் சமுத்திரம் பேனாவை நிறுத்தினார்.

இந்த ஒரு கேள்விக்கு நாச்சியாரின் கையிலேயே கோர்ட்டுக் காகிதம் இருந்தது. ஆனாலும் அவள் சண்முகத்தாயின் முகத்தைத்தான் பார்த்தாள்.

"சம்சாரம்னு எழுதுங்கய்யா."

சொன்ன பிறகு, சொன்னது சரியா தப்பா என்று சண்முகத்தாய்க்கு விளங்கவில்லை. பையைத் துழாவி, மகளின் பிறப்புச் சான்றிதழை எடுத்து அந்த மனுவோடு சேர்த்து வைத்தாள்.