ஓடெல் கெய்ன்ஸின் இடது கை

பழைய அணித் தோழன் டேலின் மனைவி மார்லீன் போன் செய்தபோது ஓடெல் கெய்ன்ஸ் தன் டயர் கடையில் ஒரு லாரிச் சக்கரத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தான்.

"வெள்ளிக்கிழமை பராமரிப்பு இல்லத்து வண்டி வருது. நீ வரணும், ஓடெல்."

"வந்து?"

"வந்து அவரைத் தட்டி எழுப்பி விடணும். வேற யாரு சொன்னாலும் எந்திரிக்க மாட்டாரு."

ஓடெல் சக்கரத்தைக் கீழே சாய்த்தான். "அதை மட்டும் என்கிட்ட கேக்காத" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டான்.

பென்சில்வேனியாவின் அந்த ஆற்றங்கரை ஊரில் ஓடெலின் அப்பா எஃகு ஆலையில் உலைமுன் நின்றவர். ஆலை மூடியபோது அவருக்கு மிஞ்சியது மகனின் உடம்புதான். தன் தட்டிலிருந்த இறைச்சியையும் எடுத்து அவனுக்குப் போட்டார். அந்த உடம்பு பள்ளிக்கூடத்து மைதானத்தைக் கடந்து, கல்லூரியைக் கடந்து, கடைசியில் தோளால் மோதி ஆடும் அமெரிக்கக் கால்பந்தில் ஒரு பெரிய அணியின் முன்வரிசையில் போய் நின்றது. வரிசையில் நடு ஆள் டேல் கோவாச். பந்தைக் கால்களுக்கிடையே பின்னால் தள்ளி ஆட்டத்தைத் தொடங்குகிறவன். அவனுக்கு வலப்பக்கத்தில் ஓடெல். அடுத்த பள்ளத்தாக்கில் நிலக்கரிச் சுரங்கத்துக்காரர் வீட்டுப் பிள்ளை டேல். தாத்தா நாட்டு ஸ்லோவாக் பாட்டுகளைக் கண்ணாபின்னாவென்று பாடுவான். பசிக்காமலே தின்பதும் இருவருக்கும் வேலையில் ஒரு பகுதியாக இருந்தது. பந்தை வீசுகிறவன் பெயர் ஊரெல்லாம் தெரியும். இவர்கள் சட்டை எண்ணை மைதானம் கேட்டது தப்பு செய்யும்போதுதான். நடுவர் மைக்கில் அறிவிப்பார், எண்பதாயிரம் பேர் சபிப்பார்கள்.

வெளியூர் மைதானங்களில் இரைச்சல் காதைக் கிழிக்கும். பின்னால் நிற்கிற வீச்சுக்காரன் கத்துவது டேலின் காதில் விழாது. அவன் எதிரணியை விட்டுக் கண்ணெடுக்கவும் முடியாது. ஆகையால் ஓடெல்தான் கழுத்தைத் திருப்பிப் பின்னால் பார்ப்பான். வீச்சுக்காரன் தலையசைத்ததும் இடது கையால் டேலின் தொடையில் ஒரு தட்டு. அந்தக் கணமே பந்து போகும், இருவரும் ஒன்றாக முன்னால் பாய்வார்கள். திரும்பிய கழுத்து நேராவதற்குள் எதிராளி வந்து மோதிவிடுவான். எல்லாப் பருவத்திலும் அப்படி வாங்கி வாங்கி, இப்போது ஓடெலுக்குக் கழுத்து இரண்டு பக்கமும் திரும்பாது. யாராவது கூப்பிட்டால் உடம்போடுதான் திரும்புவான்.

ஒரே ஒருமுறை அந்தக் கை தப்பு செய்தது. இறுதிச்சுற்றுக்கு முந்தைய ஆட்டம். குளிரில் விரல் இழுத்துக்கொண்டு, வீச்சுக்காரன் தயாராவதற்கு முன்பே தொடையில் பட்டுவிட்டது. டேல் பந்தைத் தள்ளினான். அது யாரும் இல்லாத வெளியில் போய் உருண்டது. அதோடு அந்த வருடம் முடிந்தது. பத்திரிகைக்காரர்களிடம் டேல், "பந்து என் கையில இருந்துச்சு. தப்பு என்னோடது" என்றான்.

"ஏண்டா அப்படிச் சொன்னே?" என்று உடைமாற்றும் அறையில் ஓடெல் அவன் சட்டையைப் பிடித்தான்.

"நீ தட்டினே, நான் குடுத்தேன். நீ தட்டினா ஏன்னு நான் கேக்க மாட்டேன்டா தடியா. கேக்க ஆரம்பிச்சா அப்புறம் இந்த ஆட்டமே ஆட முடியாது. அழுவாத, அசிங்கமா இருக்கு."

இருவரும் ஆட்டத்தை விட்டபின் ஊருக்கே திரும்பினார்கள். ஓடெல் கடை வைத்தான். டேல் பள்ளிப் பையன்களுக்குப் பயிற்சி கொடுத்தான். ஐம்பது வயதுக்கு முன்பே கார்ச் சாவியைக் குளிர்பெட்டியில் வைக்க ஆரம்பித்தான். பிறகு கார் எதற்கென்று மறந்தான். மோதி மோதி மூளைக்கு உள்ளே கெட்டுப்போயிருக்கிறது என்றார் டாக்டர். சாய்வு நாற்காலியில் உட்கார்ந்தவன் உட்கார்ந்தபடியே இருந்தான். மார்லீன் கெஞ்சினாலும் திட்டினாலும் குளிக்கக்கூட எழுந்திருக்கவில்லை. முந்நூறு பவுண்டு ஆளை அவள் எப்படித் தூக்குவாள்?

நன்றி கூறும் நாளன்று டிவியில் ஆட்டம் பார்த்துக்கொண்டிருந்தபோது, பந்து தொடங்குகிற நேரத்தில் ஓடெலின் இடது கை தன்போக்கில் பக்கத்தில் இருந்த தொடையைத் தட்டியது. டேல் எழுந்து நின்றுவிட்டான். மார்லீன் வான்கோழி வெட்டிய கத்தியோடு ஓடி வந்தாள். மூன்று பேரும் சிரித்தார்கள். சிரித்தபடியே அவனைக் குளியலறைக்குக் கொண்டுபோனார்கள்.

அன்றிலிருந்து தினமும் காலையில் ஓடெல் வந்து தட்டிவிட்டுத்தான் கடை திறந்தான். மார்லீனும் தட்டிப் பார்த்தாள். மெதுவாக, பலமாக, அதே இடத்தில். அவன் அசையவில்லை.

"கூட வாழ்ந்தவ நான். என் கை அவருக்குத் தெரியல, உன் கை தெரியுது" என்றாள் ஒருநாள். ஓடெல் டயர்க் கறை படிந்த உள்ளங்கையைக் காட்டினான். "என் கை கொஞ்சம் அழுக்கு, அதான்" என்றான்.

போன வாரம் மார்லீன் காபியோடு டேல் முன்னால் வேகமாக வந்திருக்கிறாள். யாரோ எதிராளி பாய்கிறான் என்று டேலின் இரு கைகளும் எழுந்துவிட்டன. அவள் அடுப்பு வரை போய் விழுந்தாள். தோள் எலும்பு முறிந்தது.

போனை வைத்த மறுநாள், கட்டுப் போட்ட கையோடு அவளே கடைக்கு வந்தாள்.

"நீ வரலேன்னா ஊசி போட்டு நாலு பேர் கட்டித் தூக்கிட்டுப் போவாங்களாம். கரடியைத் தூக்குற மாதிரி. அதைப் பாத்துட்டு நிக்கணுமா நான்?"

"அவன் என்னை நம்பித்தான் எந்திரிக்கிறான், மார்லீன். குளிக்க, சாப்பிட. வீட்டை விட்டுத் துரத்துறதுக்கு இல்ல."

"எனக்கு மட்டும் துரத்தணும்னு ஆசையா? என்னாலயும் முடியலப்பா."

ஓடெல் ஒரு டயரை உருட்டிக்கொண்டு உள்ளே போனான். ஆனால் வெள்ளிக்கிழமை மாதாகோயில் வாசலில் வாங்கிய வறுத்த மீன் சாண்ட்விச்சோடு போய் டேலின் வலப்பக்கத்தில் உட்கார்ந்தான். தின்னும்போது டேலின் தாடையில் ஒழுகியதைத் துடைத்தான். இல்லத்திலிருந்து வந்த நீலச் சட்டைப் பையன் கதவருகே நின்றான். டேல் அவனை விரல் நீட்டிக் காட்டினான்.

"அவனைப் பாத்துக்க. பாய வரான்."

"இல்ல சார், நான் வண்டி ஓட்ட வந்தவன்" என்றான் பையன்.

"எல்லாரும் அப்படித்தான் சொல்லுவானுங்க" என்றான் டேல்.

ஓடெலுக்குச் சிரிப்பு வந்தது. உடம்போடு திரும்பிப் பின்னால் பார்த்தான். நாற்காலிக்குப் பின்னால் மார்லீன் நின்றுகொண்டிருந்தாள். வாயைப் பொத்தியபடி, மெல்லத் தலையசைத்தாள்.

அவன் தட்டினான்.

டேல் எழுந்தான். எங்கே என்று கேட்கவில்லை. ஓடெலின் தோளோடு தோள் உரச வாசலைத் தாண்டினான், படி இறங்கினான், வண்டியில் ஏறினான். ஓடெலும் மார்லீனும் ஏறிக்கொண்டார்கள்.

இல்லத்து அறையில் ஒரு கட்டில், ஜன்னல், புது நாற்காலி. டேல் அந்த நாற்காலியில் அமர்ந்து ஜன்னலுக்கு வெளியே நின்ற மரங்களை எதிரணி மாதிரி உற்றுப் பார்த்தான். கிளம்பும் நேரம் வந்தது. ஓடெல் அவனைக் கட்டிக்கொள்ளக் குனிந்தான். பாதியில் நின்றுவிட்டான். இந்தக் கை பட்டால் எழுந்துவிடுவான். எழுந்தால் கூடவே வருவான்.

இரண்டு கைகளையும் ஜாக்கெட் பைக்குள் திணித்துக்கொண்டான்.

"வரேன்டா தடியா."

"ம்" என்றான் டேல், மரங்களை விட்டுக் கண்ணெடுக்காமல்.

கதவருகே ஓடெல் உடம்போடு திரும்பிப் பார்த்தான். மார்லீன் நாற்காலிக்குப் பக்கத்தில் மண்டியிட்டு, நல்ல கையை டேலின் தொடைமேல் வைத்து மெல்லத் தடவிக்கொண்டிருந்தாள். அவன் அசையாமல் உட்கார்ந்திருந்தான். அவள் அந்தக் கையை எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் அப்படியே வைத்திருக்கலாம்.