போனட் மேல் வைத்த கை

“…சூரியன் எங்கியும் ஓடிப்போயிடாதுய்யா, மொதல்ல கைய எடு!” என்று டிரைவர் மாசிலாமணி அண்ணன் கத்தினார். பஸ் எஞ்சின் மூடி மேலிருந்த கையை நான் எடுக்கவில்லை. பாதிப் பேச்சில் இருந்தேன். விழுப்புரத்தில் கிளம்பிய வண்டி விக்கிரவாண்டியை நெருங்கிக்கொண்டிருந்தது.

அவர் ஒரு கையால் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு, மறு கையால் என் இடது மணிக்கட்டைப் பிடித்துத் தூக்கினார். உள்ளங்கையின் சுண்டுவிரல் பக்கம் எலுமிச்சம்பழம் அளவுக்குக் கொப்புளம். முன் சீட்டில் இருந்த ஒரு பயணி அம்மா வாயைப் பொத்திக்கொண்டாள். எனக்கு வலிக்கவில்லை.

எண்பதுகளின் நடுவில் நடந்தது இது. அப்போது நான் விழுப்புரத்துக்கும் திண்டிவனத்துக்கும் இடையே ஓடும் பஸ்களில் புத்தகம் விற்றேன். சமையல், கடிதம் எழுதும் முறை, பொது அறிவு என்று எல்லாமே முப்பது நாற்பது பக்கப் புத்தகங்கள். படித்தது ஐந்தாம் வகுப்பு. மீதியை விற்கிற புத்தகத்திலேயே படித்துக்கொண்டேன். நன்றாகப் போனது மஞ்சள் அட்டை போட்ட ஒரு புத்தகம், சூரியனையும் அதன் சூட்டையும் பற்றியது.

அதை விற்க ஒரு வித்தை வைத்திருந்தேன். அந்தக் கால வண்டிகளில் டிரைவருக்குப் பக்கத்திலேயே எஞ்சின். அதன் மேல் மூடியை போனட் என்போம். அதன் மேல் போர்த்திய ரெக்ஸின் உறை கிழிந்த இடத்தில் தகரம் கொதிக்கும். அதில் கையை வைத்து, “அய்யா, அம்மா, இது வெறும் டீசல் சூடு. இதையே ஒரு நிமிஷம் தாங்க முடியல. அவ்ளோ தூரத்துல இருந்துக்கினு நம்மளச் சுடறானே, அவன் கிட்டப் போனா என்னா ஆவும்?” என்பேன். உடனே ‘ஸ்ஸ்’ என்று கையை உதறுவேன். சிரிப்பார்கள், வாங்குவார்கள்.

கடைசி சில மாதங்களாக உதற வேண்டியிருக்கவில்லை. கையை அங்கேயே வைத்துக்கொண்டு பேச்சை முடிக்க முடிந்தது. “மந்திரம் தெரியுமாய்யா ஒனக்கு?” என்று கேட்டார்கள். தோசைக்கல்லில் பழகிய கை மாதிரி என் கையும் பழகிவிட்டது என்று நினைத்தேன். கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. இதைப் படிக்கிற உங்களுக்கும் இப்படி ஏதாவது ஒரு ‘பழக்கம்’ புதிதாக வந்திருந்தால், பெருமைப்படாதீர்கள்.

விக்கிரவாண்டியில் வண்டியை நிறுத்தி, அண்ணன் என் சட்டைக் கையை மேலே சுருட்டிப் பார்த்தார். முழங்கைக்குக் கீழே வெளுத்த தேமல் ஒன்று இருந்தது. அதைப் பார்த்ததும் பிடித்திருந்த கையை விட்டுவிட்டார்.

“எங்க சித்தப்பா இப்பிடித்தான் அடுப்புல கைய வுட்டுட்டு ஒண்ணும் தெரியாம நின்னுக்கினு இருந்தாரு. ஊருக்கு வெளிய குடிசை போட்டு வச்சிட்டாங்க. சோத்தக் கொண்டுபோயி வாசல்ல வச்சிட்டு ஓடியாந்துடுவேன் நானு” என்றார். பிறகு என் முகத்தைப் பார்க்காமல், “திண்டிவனத்துல எறங்கி ஆஸ்பத்திரிக்குப் போ. ஜல்தி போ” என்றார்.

திண்டிவனத்தில் ஒரு பெண் டாக்டர் என்னைக் கண்ணை மூடச் சொன்னார். ஒரு கண்ணாடிக் குழாயில் வெந்நீர், இன்னொன்றில் பச்சைத் தண்ணீர். மாற்றி மாற்றித் தேமல் மேல் வைப்பார், சூடா, ஜில்லென்று இருக்கிறதா என்று நான் சொல்ல வேண்டும். எனக்கு ஒன்றும் தெரியவில்லை. ஆனால் ஜனங்களின் குரலைப் படித்துப் பிழைக்கிறவன் நான். அவர் குரலை வைத்து ஊகித்தேன். “சூடு.” “ஜில்லுனு இருக்குது.” “சூடுங்கம்மா.”

“இப்போ?”

“நல்ல சூடு.”

“கண்ணத் திறங்க.”

இரண்டு குழாயும் மேஜை மேல் இருந்தன. அவர் கைகள் மடியில் இருந்தன.

“யாருக்குப் பயந்து பொய் சொல்றீங்க?” என்று கோபமில்லாமல் கேட்டார். அந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இருந்தது. டிரைவருக்குப் பயந்து, வண்டிக்குப் பயந்து. மறுபடி அந்தப் படியில் ஏறவிடுவார்களா என்ற ஒன்றுதான் மனதில் இருந்தது.

தொழுநோய் (தோலையும் நரம்பையும் தாக்கும் கிருமி நோய்) என்றார். முழங்கை நரம்பு தடித்திருந்ததால் சுண்டுவிரல் பக்கம் மரத்துப்போயிருந்தது. அவர் பேசிக்கொண்டிருந்தபோது நான் சுவரில் இருந்த காலண்டரைப் பார்த்தேன். போன மாதத்துத் தாளை யாரும் கிழிக்கவில்லை. அழுகை வரவில்லை. வெளியே வந்து வெள்ளரிக்காய் வாங்கித் தின்றேன். மிளகாய்த்தூள் நாக்கில் உறைத்தது. நாக்கு இருக்கிறது என்று மட்டும் தோன்றியது.

மூன்று மருந்து சேர்த்துக் கொடுக்கும் முறை அப்போதுதான் எங்கள் பக்கம் வந்திருந்தது. ரிஃபாம்பிசின் (கிருமியைக் கொல்வது) மாதம் ஒருமுறை, அவர்கள் கண் முன்னால் விழுங்க வேண்டும். அன்று சிறுநீர் சிவப்பாகப் போகும், பயப்பட வேண்டாம். டாப்சோன் (கிருமியை வளரவிடாமல் தடுப்பது) தினமும். குளோஃபாசிமின் (கிருமியையும் நரம்பு வீக்கத்தையும் அடக்குவது) தோலைக் கறுக்க வைக்கும், வெயில் பட்டால் இன்னும் கறுக்கும். இரண்டு வருடம். “மருந்து தொடங்கிட்டா கொஞ்ச நாள்லயே மத்தவங்களுக்கு ஒட்டாது. ஆனா போன உணர்ச்சி திரும்பி வரும்னு நான் சொல்ல மாட்டேன்” என்றார்.

கோலியனூரில் வீட்டுக்கு வந்து, டாக்டர் சொன்னதைச் சொல்லிவிட்டு, என் டம்ளரை எடுத்து ஜன்னலில் தனியாக வைத்தேன். என் மனைவி மரகதம் பார்த்துக்கொண்டே இருந்தாள். அதே டம்ளரில் காப்பி ஊற்றிப் பாதியை அவள் குடித்துவிட்டு மீதியை என்னிடம் நீட்டினாள். “டாக்டரம்மா ஒட்டாதுன்னுது, நீ ஒட்டும்ன்ற. யாரு பெரிய டாக்டரு?” என்றாள். அப்போதும் எனக்குள் ஒன்றும் அசையவில்லை. குடித்தேன்.

தினமும் சாயங்காலம் கையைத் தண்ணீரில் ஊறவைத்து, எண்ணெய் தடவி, புதுக் காயம் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். தண்ணீரில் முதலில் அவள் கையை விட்டுப் பார்ப்பாள். “எனக்குச் சுட்டா ஒனக்கும் சுட்டதா வச்சிக்க” என்பாள். எத்தனையோ பேர் எத்தனையோ சொன்னார்கள், எனக்கு உதவியது இந்த ஒரு சொல்தான். உங்கள் வீட்டிலும் யாராவது ஒருவரின் கையை நம்பிக்கொள்ளுங்கள்.

பகலில் வேலையில்லை. விற்காத மஞ்சள் புத்தகங்கள் மூட்டையில் கிடந்தன. ஒன்றை எடுத்து முதல்முறையாக வரிக்கு வரி படித்தேன். பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த என் மகளின் அறிவியல் புத்தகத்தில் சூரியப் பாடத்தைப் படித்தேன். வளவனூர் நூலகத்தில் படம் போட்ட பெரிய புத்தகம் ஒன்று கிடைத்தது. மூன்றும் ஒரே மாதிரி ஆரம்பித்தன: ‘உன் கையை வெயிலில் நீட்டு. என்ன தெரிகிறது?’

வாசலில் போய் நீட்டினேன். வலது கைக்கு வெயில் தெரிந்தது. இடது கையில் வெளிச்சம் மட்டும் இருந்தது.

மாதாமாதம் திண்டிவனம் போனேன். விழுப்புரத்தில் மாசிலாமணி அண்ணன் வண்டி பதினொன்றே காலுக்கு. அது கிளம்பும் வரை வெற்றிலைக் கடைக்குப் பின்னால் நின்று, அடுத்த வண்டியில் ஏறுவேன். அவர் என் கையை விட்டுவிட்ட விதம் நினைவில் இருந்தது. சோற்றை வாசலில் வைத்துவிட்டு ஓடிய கால்களும் அவருடையவைதானே.

இரண்டு வருடம் முடிந்தது. டாக்டர், “நோய் போயிடுச்சு. கையப் பாத்துக்குங்க” என்றார். சந்தோஷம் வரும் என்று காத்திருந்தேன். அது அடுத்த வண்டியில் வரும் போல இருந்தது.

இப்போது என் காலம் வேறு மாதிரி ஓடுகிறது. மற்றவர்கள் கடிகாரம் பார்ப்பது போல நான் கையைப் பார்க்கிறேன். எதையாவது தொட்டால், கண் போய்ப் பார்த்துச் சொல்லும் வரை அது சூடா இல்லையா என்று எனக்குத் தெரியாது. சூரியனின் சூடு இங்கே வந்து சேர எட்டு நிமிடத்துக்கு மேல் ஆகிறது என்று மஞ்சள் புத்தகத்தில் இருந்தது. எனக்குப் போனட்டின் சூடே அத்தனை தாமதமாகத்தான் வருகிறது.

மருந்து முடிந்த அன்று திரும்புகையில் திண்டிவனம் பஸ் ஸ்டாண்டில் அவர் வண்டி நின்றிருந்தது. இனி ஒளிந்துகொள்ளப் பயத்தைத் தவிர வேறு காரணம் இல்லை. முன் படியில் ஏறினேன். உட்கார இடமில்லை. போனட் பக்கத்தில்தான் நிற்க முடிந்தது.

மருந்தில் கறுத்துப்போன என் முகத்தை அவர் சற்று நேரம் பார்த்தார். “ரெண்டு வருஷமா எந்த வண்டியில போய்க்கினு இருந்த?”

“அடுத்த வண்டியிலண்ணே.”

“ஏன், அவன் ஒன்ன ஏரோப்பிளேன்ல ஏத்திக்கினு போனானா?”

அவர் தோளிலிருந்த துண்டை எடுத்து நாலாக மடித்து, கிழிந்த ரெக்ஸின் மேல் போட்டார். “இது மேல வை. புஸ்தகம் இல்லன்னா என்னா, வாய் இருக்குதில்ல? சூரியன் என்னாச்சு, சொல்லு.”

நான் வைத்தேன். குரல் சரியாக எழும்பவில்லை. இரண்டு மூன்று பேர் திரும்பினார்கள். விக்கிரவாண்டி தாண்டிய பிறகு ஒருவர் சிரித்தார்.

விழுப்புரத்தில் கையை எடுத்து, இருபுறமும் திருப்பிப் பார்த்தேன். காயமில்லை. அண்ணன் துண்டை எடுத்தார். உதறவில்லை. அதாலேயே முகத்தையும் கழுத்தையும் அழுத்தித் துடைத்துத் தோளில் போட்டுக்கொண்டு, முன்னால் நின்ற வண்டிக்கு ஹாரன் அடித்தார்.