நான் வெட்டியெடுத்த பெயர்

அந்த அழுகையை நான் திருடினேன்!

நான் படத்தொகுப்பாளன், ஒலிப்பதிவும் நானேதான். எங்கள் மட்டக்களப்புப் படத்தின் கடைசிக் காட்சியில், வாவியில் மகனைப் பறிகொடுத்த தாய் அழுவாள். கேட்டு நீங்களும் அழுதிருப்பீர்கள். எனக்குப் பரிசு தந்தார்கள். ஆனால் அந்தத் தாய் கமராவுக்கு முன்னால் அழவேயில்லை...

நடித்தவர் பனிச்சங்கேணியில் மீன் விற்கும் பூரணம் மாமி. எத்தனை தடவை எடுத்தும் அவருக்குச் சிரிப்புத்தான் வந்தது. "போங்க மனே, கமராவப் பாத்தா வெக்கமா இருக்கு!"

படப்பிடிப்பு முடிந்ததும் அந்த இடத்தின் அமைதியைத் தனியே பதிவது எங்கள் வழக்கம். வெட்டிய இடங்களை நிரப்ப அது வேண்டும். எல்லோரையும் தேத்தண்ணி குடிக்க அனுப்பிவிட்டு, ஹெட்போனுடன் கரையில் நின்றேன். மாமியின் சேலையில் குத்திய மைக்கைக் கழற்ற மறந்துபோனேன்.

அமைதிக்குள் அவர் குரல் வந்தது. கரையில் கிடந்த தோணிக்குப் பின்னால் தனியே இருந்து, கடலுக்குப் போய்த் திரும்பாத தன் சொந்த மகனை நினைத்து அழுதார். "சுதா... என்ட சுதா..."

மறந்தது பிழையல்ல. கேட்டபிறகும் நிறுத்தாததுதான் பிழை! விரல் பொத்தானில்தான் இருந்தது. ஏன் அழுத்தவில்லை? அப்படியொரு ஒலி எனக்கு அதற்குமுன் கிடைத்ததில்லை. வேறு காரணம் சொன்னால் அது பொய்.

படத்தில் மகனின் பெயர் வேறு. ஆகவே சுதாவை வெட்டியெடுத்து, அந்த இடத்தில் வாவியின் அமைதியை வைத்து ஒட்டி, மாமியின் முதுகு மட்டும் தெரியும் காட்சியில் அந்த அழுகையைச் சேர்த்தேன். என்ன வேலை அது! இன்றைக்கும் போட்டுக் கேட்கிறேன். ஒட்டிய இடம் என் காதுக்கே பிடிபடாது. பெருமைதான், மறைக்கமாட்டேன். கொழும்பிலிருந்தும் சென்னையிலிருந்தும் என்னைத் தேடி வருவது அந்தக் காட்சியைக் கேட்டுத்தானே! வெட்டிய துண்டு மட்டும் என் கணினியில் ஒரு மூலையில் கிடக்கிறது. அழிக்க மனம் வரவில்லை.

புளியந்தீவில் படம் காட்டியபோது மாமி என் பக்கத்தில் இருந்தார். அழுகை வந்ததும் என் கையைப் பற்றிக்கொண்டார். ஏசப்போகிறார் என்று பயந்தேன்... படம் முடியும்வரை கையை விடவில்லை. பிறகு மெல்லக் கேட்டார்.

"எல்லாம் வடிவாக் கேட்டுது மனே. அவன்ட பேர் மட்டும் கேக்கல்லியே?"

"மெஷின் பிழை மாமி."

"அப்பிடியா... அப்ப மறுகா ஒருக்கா அழட்டா மனே? அவன்ட பேரும் வரட்டும்."

திரையில் என் பெயர் வந்தது, சனம் கைதட்டியது. மாமியும் என் கையை விட்டுவிட்டுத் தட்டினார்.