பொம்மைக்குக் கட்டிய திரை

மலேசியாவில் பாடாங் செராய் ஊரின் புடவைக் கடையில் வேலை செய்த பெண் அவர். ஒல்லியான உடம்பு, எப்போதும் குனிந்த தலை. கண்ணாடிக்குப் பின்னால் நிற்கும் பொம்மைக்குப் புடவை மாற்றும் முன், சுற்றிலும் போர்வை கட்டி மறைத்துவிடுவார். ஆபாசப் படங்களைத் தடை செய்யலாமா என்று மகளிர் கூட்டத்தில் பேச இருந்த நான், அதற்குப் புடவை எடுக்கப் போயிருந்தேன்.

"பிளாஸ்டிக் பொம்மைக்கு என்ன தங்கச்சி வெட்கம்?" என்று சிரித்தேன்.

"பொம்மைக்கு இல்லக்கா. பாக்குறவங்களுக்குப் பழகிடக் கூடாது லா," என்றவர் குரலைத் தாழ்த்தினார். "என் படத்த ஒருத்தன் வாட்சாப்ல விட்டப்ப ஊரே பாத்துச்சு. ஒரு ஆளுகூட மறைக்கல."

கூட்டத்தில் நான் பேசவில்லை. நம்மூர்ப் பெண் என்ற குறிப்போடு அந்தப் படம் எனக்கும் வந்திருந்தது. பார்த்துவிட்டுத்தான் அழித்தேன். முகத்தை மட்டும் கவனிக்கவே இல்லை.