ஈசானிய மூலையில் மூணு செங்கல்

என் வாழ்க்கையில் நான் கட்டிய ஒரே கட்டடம் மூணு செங்கல் உயரம்கூட இல்லை. மூணும் பக்கத்துப் பக்கத்தில் படுத்திருந்தன. அதற்கே ஜெயில் வாசல்வரை போய்விட்டு வந்தேன்.

சாரம் என்கிற ஏரியாவில் அப்பா விட்டுப்போன காலி மனை. மில்லில் ஓடி ஓடி உழைத்து வாங்கினது. அது யாருக்கு என்று எனக்கும் என் அண்ணனுக்கும் கேஸ். தீர்ப்பு வரும்வரை மனை இருக்கிறபடியே இருக்கணும், யாரும் எதுவும் கட்டக்கூடாது என்று கோர்ட் உத்தரவு. நானும் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டேன்.

அப்புறம்தான் வாஸ்து நாள் வந்தது. வாஸ்து புருஷன் வருஷத்துக்கு எட்டு நாள்தான் கண் முழிப்பான், அதுவும் ஒன்றரை மணி நேரம். "இதை விட்டா எப்போங்க?" என்றாள் மனைவி. "பூசைதானே, கட்டடமா கட்டப்போறோம்?" என்று நானும் சட்ட நிபுணன் மாதிரி சொன்னேன். ஈசானிய மூலையில் குழி, பால், நவதானியம். மேஸ்திரி பழக்க தோஷத்தில் மூணு செங்கல் வைத்து ஒரு கரண்டி சிமென்ட்டும் பூசிவிட்டார். நிமிர்ந்தால், பக்கத்து மாடியில் அண்ணன். கையில் போன். நான் சிரித்து வேறு வைத்தேன். போட்டோவில் என் பல் தெளிவாக விழுந்திருந்தது.

கோர்ட் அவமதிப்பு மனு வந்தது. நான் அரசாங்க கிளார்க். நாற்பத்தெட்டு மணி நேரம் உள்ளே இருந்தால் சஸ்பெண்ட்.

"இப்பவே போய்ப் பேத்துடறேன் சார்" என்றேன் வக்கீலிடம்.

"தொட்டுடாதீங்க! தடயத்தை அழிச்சான்னு இன்னொரு மனு போடுவாங்க. கோர்ட்ல மன்னிப்பு மட்டும் கேளுங்க. உங்க காமெடியெல்லாம் வேணாம்."

விசாரணையன்று சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது. நீதிபதி அம்மா போட்டோவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"உத்தரவு தெரியுமா, தெரியாதா?"

எனக்குத் தெரியும்மா, வாஸ்து புருஷனுக்குத்தான் நகல் போகலை என்ற பதில் தொண்டைவரை வந்துவிட்டது. வக்கீல் என் காலை மிதித்தார்.

"தெரியும்மா. தப்பு பண்ணிட்டேன்."

"சிரிச்சுக்கிட்டே பண்ணியிருக்கீங்க."

பல்லை உதட்டுக்குள் மூடிக்கொண்டேன்.

"சாயந்திரத்துக்குள்ள மனை பழையபடி ஆகணும். கமிஷனர் நேர்ல பார்த்து அறிக்கை தரட்டும். தண்டனை பத்தி நாளைக்குச் சொல்றேன்."

கமிஷனர் என்றால் கோர்ட் அனுப்பிய ஒரு இளம் வக்கீலம்மா. வெயிலுக்குக் குடை பிடித்து நின்றார். அண்ணன் போனோடு நின்றான். நான் கடப்பாரையோடு. ஒரு கரண்டி சிமென்ட்டுக்கு அவ்வளவு பிடிவாதம்! ஒரு மணி நேரம் இடித்தேன். உள்ளங்கை கொப்பளித்தது. செங்கல் வந்ததும் பார்த்தால், ஓரமெல்லாம் பச்சை. போன வார மழையில் நவதானியம் முளைத்திருந்தது.

"இதையும் எடுக்கணுமா?" என்று கமிஷனரைக் கேட்டேன். அவர் யோசித்தார்.

அண்ணன் யோசிக்கவில்லை. "புடுங்குடா. வுட்டா நாளைக்கு வெள்ளாமை பண்றேன், அனுபோகம் என்னுதும்பே."

உளுந்து, பயறு, எள் என்று குந்தி உட்கார்ந்து ஒவ்வொன்றாய்ப் பிடுங்கினேன். குழியை மூடி மிதித்தேன்.

மறுநாள் என் சட்டைப் பையில் மாத்திரை, பல் பிரஷ். மனைவி வைத்தது. அண்ணனின் வக்கீல் எழுந்து, மண் இன்னும் மேடாக இருக்கிறது, பழைய நிலை வரவில்லை என்று ஆரம்பித்தார். நீதிபதி அம்மா நேராக அண்ணனையே கேட்டார். "நீங்க சொல்லுங்க. மூடியாச்சா, இல்லையா?"

அண்ணன் என்னைப் பார்த்தான். பையில் நீட்டிக்கொண்டிருந்த பிரஷ்ஷையும் பார்த்தான்.

"மூடிட்டான்மா. நானே பாத்தேன்."

எச்சரிக்கையோடு மன்னிப்பை ஏற்றுக்கொண்டார்கள். மனை கேஸ் மட்டும் அப்படியே நிற்கிறது. செங்கல் மூணும் எங்கள் வீட்டு வாஷிங் மெஷினுக்கு முட்டுக் கொடுக்கின்றன.

அன்று கோர்ட்டுக்கு வெளியே பைக்கை எடுக்கப் போனேன். அண்ணன் பின்னாலேயே வந்தான்.

"அடுத்த வாஸ்து நாள் எப்போடா?"

"ஏன்ணா?"

"போனை சார்ஜ்ல போட்டு வெக்கணும்."