விதைக்கு விட்ட பாத்தி

மாட்டுப்பட்டிக்கு அருகே, தேயிலைத் தோட்டக் குடியிருப்பில் நண்பன் வீட்டில் ஒரு தை மாதம் தங்கியிருந்தேன். விடியற்காலையில் புல்லெல்லாம் உறைபனியால் வெளுத்திருந்தது. அடுத்த வீட்டுக்காரரான தொழிற்சாலைக் காவலர், கொல்லையில் நான்கு பாத்தி உருளைக்கிழங்குச் செடிகளுக்குப் பூவாளியால் நீர் தெளித்துக்கொண்டிருந்தார். காதுவரை இழுத்துவிட்ட கம்பளிக் குல்லா. குளிரில் விறைத்த ஒல்லியான கைகள். நனைந்த செடி ஒவ்வொன்றையும் விரலால் மெல்லத் தட்டிவிட்டே அடுத்ததற்கு நகர்ந்தார்.

பட்டிமன்ற மேடைகளில் பழகிய நாவு எனக்கு. "இந்தக் குளிரில் நீர் ஊற்றுவது செடியைக் கொல்வதாகாதா?" என்று தொடங்கி, காரணங்களை அடுக்கினேன். அவர் பூவாளியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்.

அடுக்களையிலிருந்து அவர் மனைவி குரல் கொடுத்தார்: "ஏங்க, தம்பிக்கு மேடை போட்டுக் குடுக்கவா? வெயிலு விழுறதுக்குள்ள பனியக் கழுவலேன்னா எல கருகிரும்ல! கடைசிப் பாத்தி விதைக்கு விட்டது!"

"இருடி, பேசிக்கிட்டு இருக்காகல்ல" என்றார் அவர்.

மூன்றாவது காரணத்தைச் சொல்லாமல் விட எனக்கு மனம் வரவில்லை. சொல்லி முடித்தபோது, நீர் படாத கடைசிப் பாத்தியில் வெயில் விழுந்திருந்தது.

மதியத்துக்குள் அந்தப் பாத்தி முழுவதும் கறுத்துத் தொங்கியது. தலைகுனிந்து மன்னிப்புக் கேட்டேன்.

"விதைக்கெழங்கு சந்தையில வாங்கிக்கிரலாம் தம்பி. பாதிப் பேச்சுல விட்டுட்டுப் போனா உங்களுக்குச் சங்கடமா இருக்கும்ல?" என்றார் காவலர்.

எதிரணியினரைப் பாதியில் மடக்கியே பரிசுகள் வாங்கியவன் நான். மலைச்சரிவில் வெயில் இறங்கி வருவதைப் பார்த்துக்கொண்டே என் தவறான வாதத்தை முழுவதும் கேட்டவர், இதுவரை அவர் ஒருவர்தான்.