எலிவேற்றருக்குள் நான்காவது

நம்பாதவர்கள் இப்போதே பக்கத்தைப் புரட்டலாம், எனக்கு ஒரு நட்டமும் இல்லை. ஆனால் இது நடந்தது. 1996 ஆடி மாதம், சென் ஜேம்ஸ் ரவுணில் நாங்கள் இருந்த அடுக்குமாடியில், பட்டப்பகலில்.

என் மகள் சிவானிக்கு அப்போது எட்டு மாதம். அவளைத் தள்ளுவண்டியில் வைத்துக்கொண்டு எலிவேற்றரில் ஏறினேன். உள்ளே பக்கத்து வீட்டுக் கிந்தோ ஐயா. மாலி நாட்டிலிருந்து மகன் ஒமாரிடம் வந்திருந்தவர். பிள்ளையைக் கண்டால் கொஞ்சாமல் விடமாட்டார். அன்று சுவரோடு ஒட்டிக்கொண்டு நின்றார்.

"என்னைத் தொடாதே," என்றார், தெரிந்த ஆங்கிலத்தில்.

தொட எனக்கென்ன விசரா! மனதுக்குள் திட்டினேன்.

ஒன்பதாம் மாடியைத் தாண்டியதும், டக்... நின்றது. வெளிச்சமும் போய்விட்டது. அலாரப் பொத்தானை அமுக்கினேன். சத்தமே இல்லை. கதவில் குத்தினேன்.

"ஆராவது இருக்கிறியளோ? பிள்ளை உள்ளுக்கை!"

ஒருவரும் இல்லை. வியர்த்துக் கொட்டியது. பிள்ளைக்கு மூச்சு முட்டிவிடுமோ என்று பதறினேன்.

அப்போதுதான் கேட்டது.

சளக்... சளக்...

நாய் தண்ணீர் குடிப்பது போல. தரையில். கிழவர் தன் மொழியில் கெஞ்சினார். சத்தம் அவரை விட்டு விலகியது.

என் பக்கம் வந்தது.

கணுக்காலில் குளிராக ஏதோ உரசியது. நீளமாக... முடியவேயில்லை...

சளக்...

தள்ளுவண்டிக்குள்.

சிவானி சிரித்தாள்.

வெளிச்சம் வந்தது. கிழவர் குந்தியிருந்து அழுதுகொண்டிருந்தார். வேறு ஒன்றும் இல்லை. பிள்ளையின் கால், கை, நெற்றி எல்லாம் ஈரம். ஐயோ என்று அள்ளித் தூக்கினேன். வீரிட்டாள். வண்டியில் விட்டேன். உடனே அடங்கிவிட்டாள்.

பின்னேரம் ஒமார் வந்தான். அவன் கண் பிள்ளையை விட்டு நகரவில்லை.

"நாங்கள் தோகோன் சனம். எங்கள் ஊர்ச் சமயப் பெரியவர் செத்துப்போனார், விடியப் போன் வந்தது. முகமூடி ஆட்டம் ஆடித்தான் அவரை அனுப்புவார்கள். அடுத்தவர் அப்பா என்றுதான் இருந்தோம். அந்த இடத்துக்கு வருகிறவரை ஒரு பாம்பு வந்து நக்கும் என்பார்கள். பிறகு அவரை யாரும் தொடக்கூடாது, சாகும்வரை."

"பெத்த தாயுமோ?" என்றேன்.

அவன் எழும்பி, பிள்ளையின் வண்டியில் முட்டாமல் ஒதுங்கிப் போனான்.

போன கிழமை ஒமாரைக் கண்டேன். ஊரில் அந்த இடம் இன்னும் காலியாம். பாம்பு ஒருவரிடமும் வரவில்லையாம்.

சிவானிக்கு இப்போது மூன்று வயது. அந்த நாளுக்குப் பிறகு ஒரு தடவைகூட அவள் என் மடியில் நித்திரை கொள்ளவில்லை.